அலி ஹம்ராயேவ் படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

நீங்கள் கேட்டது இது: 'ஏழாவது தோட்டா' என்ற சோவியத் காலத்து உஸ்பெக் படத்தைத் தற்செயலாகப் பார்த்தீர்கள். குதிரை, துப்பாக்கி, புழுதி என்று கௌபாய் படம் மாதிரியே இருந்தது. அதை எடுத்த அலி ஹம்ராயேவ் கடைசிவரை இப்படித்தான் எடுத்தாரா, வேறு என்ன செய்திருக்கிறார், அடுத்து எதைப் பார்க்கலாம்?

இப்படி மட்டும் எடுத்தவர் இல்லை. அந்தப் படத்தோடு நிறுத்திக்கொண்டால் உங்களுக்குக் கிடைத்தது அவரில் கால்வாசிகூட இருக்காது. பல வருஷங்களாக இவர் படங்களைத் தேடித் தேடிப் பார்த்து வருகிறேன், அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

முதலில் பெயர். ஹம்ராயேவ், கம்ராயெவ், ஹம்ரோயெவ் என்று எப்படி எழுதியிருந்தாலும் ஒரே ஆள்தான். ரஷ்ய எழுத்தில் 'ஹ' ஒலி கிடையாது. அதனால் உஸ்பெக், தஜிக் பெயர்களில் வரும் 'ஹ' எல்லாம் ரஷ்யன் வழியாக வெளியே வரும்போது தொண்டையில் உரசும் 'க்ஹ' ஆகிவிடுகிறது. இணையத்தில் தேடும்போது எல்லா வடிவத்திலும் தேடிப் பாருங்கள்.

1937இல் தாஷ்கண்டில் பிறந்தவர். அப்பா தஜிக், அம்மா உக்ரைன்காரர். அப்பா எர்காஷ் ஹம்ராயேவ் உஸ்பெக் சினிமாவின் முதல் தலைமுறை நடிகர்களில் ஒருவர். நபி கனியேவ் என்ற முன்னோடி இயக்குநரின் படங்களில் நடித்திருக்கிறார். இரண்டாம் உலகப் போருக்குப் போனவர் திரும்பி வரவில்லை. அலி அப்போது சின்னப் பிள்ளை. அப்பாவின் முகம் நினைவில் நிற்கும் வயதுகூட இல்லாத பையனுக்கு, அதே அப்பா நடமாடுவதையும் சிரிப்பதையும் பழைய பிலிம் சுருளில் பார்க்க முடியும் என்பதை யோசித்துப் பாருங்கள். இவர் படங்களில் யாராவது ஒருவர் யாரையாவது தேடிப் போய்க்கொண்டே இருப்பார்கள். அதற்கு வேர் இங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம்.

போர்க் காலத்தில் தாஷ்கண்ட் ஒரு சினிமா நகரமாகவே மாறியிருந்தது. ஜெர்மன் படை நெருங்கியதும் மேற்கே இருந்த ஸ்டூடியோக்களை ஆள், சாமானோடு மத்திய ஆசியாவுக்கு அனுப்பினார்கள். யாகோவ் புரோத்தசானோவ் போன்ற பெரிய கைகள் தாஷ்கண்டில் உட்கார்ந்து படம் எடுத்தார்கள். முல்லா நஸ்ருத்தீனை வைத்து அவர் எடுத்த 'புகாராவில் நஸ்ருத்தீன்' 1943இல் வந்தது அப்படித்தான். போர் முடிந்து அவர்கள் போன பிறகும் தொழில் தெரிந்த ஆட்கள் ஊரில் மிஞ்சினார்கள். அப்படிப்பட்ட ஊரில் வளர்ந்து, மாஸ்கோவின் 'வ்கீக்' திரைப்படக் கல்லூரியில் கிரிகோரி ரொஷாலிடம் படித்து, 1961இல் வெளியே வந்தார் அலி.

1964இல் எடுத்த 'யோர்-யோர்' ஒரு பாட்டும் கூத்துமான படம். உஸ்பெக் கல்யாண வீடுகளில் மணப்பெண்ணை அனுப்பி வைக்கும்போது பாடும் பாட்டில் திரும்பத் திரும்ப வரும் சொல்தான் 'யோர்-யோர்'. தொலைக்காட்சியில் ஒரு பெண்ணின் முகத்தைப் பார்த்துவிட்டு, அவளைத் தேடி ஊர் ஊராகப் போகிறான் பையன். லேசான படம், நிறைய எதிர்பார்க்க வேண்டாம். ஆனால் தேடல் இங்கேயே தொடங்கிவிட்டது, கவனியுங்கள்.

உண்மையான தொடக்கம் 1966. அந்த ஏப்ரல் 26 விடியற்காலையில் தாஷ்கண்டை நிலநடுக்கம் உலுக்கியது. பழைய மண்வீட்டுத் தெருக்கள் பெரும்பாலும் போய்விட்டன. அதே வருஷத்தில் உஸ்பெக் சினிமாவும் வேறொன்றாக மாறியது. எல்யோர் இஷ்முகமேதோவ் 'மென்மை' எடுத்தார், ஹம்ராயேவ் 'வெள்ளை வெள்ளை நாரைகள்' எடுத்தார். இரண்டிலும் எழுத்து ஒதெல்ஷா அகிஷேவ். நாரைகள் படத்தில் ஹம்ராயேவும் சேர்ந்து எழுதினார்.

வெள்ளை நாரைகள் என்பது படத்தில் வரும் கிராமத்தின் பெயர். மலிகா கல்யாணமான பெண். கயூம் என்பவன்மேல் அவளுக்கு மனம் போகிறது. அவ்வளவுதான் கதை. ஊர் வாய்க்கு அது போதாதா? சாயிராம் இசாயேவா மலிகாவாக நடித்திருக்கிறார். கிர்கிஸ் நடிகர் பொலோத் பெய்ஷெனாலியெவ் கயூம். கறுப்பு வெள்ளைப் படம். சோவியத் கிராமப் படம் என்றால் கூட்டுப்பண்ணையும் டிராக்டரும் சிரித்த முகமும் என்றிருந்த காலத்தில், சோவியத் ஆட்சி வந்து நாற்பது வருஷத்துக்கும் மேலான பிறகும் இந்த ஊரில் ஒரு பெண் தன் மனசுப்படி வாழ முடியவில்லை என்று நேராகச் சொன்னார். மலிகாவை அவர் பரிதாபத்துக்குரியவளாகக் காட்டவில்லை. படம் முழுக்க அவள் நிமிர்ந்துதான் நடக்கிறாள். நான் இந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்ப்பது அந்த நடைக்காகத்தான்.

நாரையைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். உஸ்பெக்கில் அதை லைலக் என்பார்கள். புகாராவின் கோபுர உச்சிகளிலும் குளத்தங்கரை மரங்களிலும் பெரிய பெரிய கூடுகளாகக் கட்டி வாழ்ந்த பறவை. நகரத்துக் குளங்களை வற்றவைத்த பிறகு தவளை இல்லை, தவளை போனதும் நாரையும் போய்விட்டது. அங்குள்ள ஒருவருக்கு அந்தப் படத் தலைப்பைக் கேட்டதும் மனசில் என்ன எழும் என்பது தெரிந்தால், படம் இன்னொரு ஆழத்தில் இறங்கும்.

அடுத்து அவர் தொட்டது இன்னும் சூடான விஷயம். 1927 மார்ச் 8ஆம் தேதி உஸ்பெகிஸ்தானில் 'ஹுஜூம்' என்ற இயக்கத்தைக் கம்யூனிஸ்ட் கட்சி தொடங்கியது. அந்தச் சொல்லுக்கே தாக்குதல் என்றுதான் பொருள். சமர்கந்தின் ரெகிஸ்தான் சதுக்கம் போன்ற இடங்களில் பெண்கள் பரஞ்சாவைக் கழற்றித் தீயில் போட்டார்கள். பரஞ்சா என்பது தலையிலிருந்து கால்வரை தொங்கும் கனமான மேலங்கி. அதற்குக் கைகள் உண்டு, ஆனால் கை நுழைக்க இல்லை. ஒடுங்கலான இரண்டு பொய்க்கைகள் முதுகுப்பக்கமாகத் தொங்கி, கீழே ஒன்றோடொன்று இணைத்துத் தைக்கப்பட்டிருக்கும். முகத்துக்கு முன்னால் 'சச்வோன்' என்ற திரை. அது குதிரை மயிரில் நெய்தது, கறுப்பு, கரடுமுரடு. அதன் வழியாக உள்ளே இருப்பவள் மங்கலாக வெளியே பார்க்கலாம், வெளியே இருப்பவருக்கு ஒன்றும் தெரியாது. இதைக் கழற்றிய பெண்கள் கட்சியின் கணக்கில் வெற்றி. வீட்டில் அவர்களுக்கு நடந்தது வேறு. நூற்றுக்கணக்கானவர்களைச் சொந்த அண்ணன் தம்பியும் கணவனும் ஊர்க்காரர்களுமே கொன்றார்கள். நூர்கோன் யுல்தாஷேவா என்ற மேடை நடனக் கலைஞரை 1929இல் அவருடைய அண்ணனே கத்தியால் குத்திக் கொன்றார்.

1971இல் வந்த 'அச்சமின்றி' இந்தக் காலத்தைப் பற்றியது. ருஸ்தம் சக்துல்லாயேவும் தில்லோரம் கம்பரோவாவும் நடித்தார்கள். திரையைக் கழற்றச் சொல்லி ஊருக்கு உபதேசம் செய்கிறவன் தன் வீட்டு வாசலில் வந்து நிற்கும்போது என்ன ஆகிறான் என்பதுதான் படத்தின் உயிர். விடுதலையை மேலிருந்து ஆணை போட்டுக் கொண்டுவந்தால் அதற்கான விலையைக் கடைசியில் பெண்தான் தன் உடம்பால் கொடுக்கிறாள் என்பதை ஒரு சோவியத் ஸ்டூடியோவுக்குள் இருந்தபடியே எடுத்திருக்கிறார். 'ஏழாவது தோட்டா'வைவிட இது பெரிய படம், எனக்கு அதில் சந்தேகமே இல்லை.

சரி, நீங்கள் பார்த்த 1972ஆம் வருஷத்துப் படத்துக்கு வருவோம். திரைக்கதையை எழுதியவர்கள் ஆந்திரேய் கொஞ்சலோவ்ஸ்கியும் பிரிட்ரிக் கொரென்ஸ்டீனும். இந்தக் கொரென்ஸ்டீன்தான் அதே வருஷம் வெளிவந்த 'சொலாரிஸ்' படத்தை அதன் ரஷ்ய இயக்குநர் தர்க்கோவ்ஸ்கியோடு சேர்ந்து எழுதியவர். கதைநாயகன் மக்சூமோவாக வரும் சுய்மென்குல் சொக்மோரோவ் அடிப்படையில் ஓவியர், கிர்கிஸ்காரர். குரோசாவாவின் 'தெர்சு உசாலா'விலும் ஒரு வேடத்தில் வருவார். துணை வேடத்தில் வரும் தல்கத் நிக்மத்துலின், பின்னாளில் '20ஆம் நூற்றாண்டின் கடற்கொள்ளையர்' என்ற கராத்தேப் படத்தால் சோவியத் நாடு முழுக்கப் பிரபலமானார்.

சோவியத் படைப்பிரிவுத் தலைவன் மக்சூமோவின் ஆட்கள் எதிரித் தலைவன் கைருல்லா பக்கம் போய்விடுகிறார்கள். அவர்களைத் திரும்பக் கொண்டுவர மக்சூமோவ் தானாகவே போய்ப் பிடிபடுகிறான். யோசித்துப் பாருங்கள், இதுவும் தேடிப் போவதுதான். கௌபாய் படத்தில் நாயகன் எதிரியைச் சுடப் போவான். இவன் தன் ஆட்களின் மனசைத் தேடிப் போகிறான், அதுவும் கை கட்டப்பட்ட நிலையில். நகான் ரிவால்வரில் ஏழு தோட்டா போடலாம், ஆறைச் செலவழித்தவனுக்கு மிஞ்சுவது ஒன்றுதான். ஒரு சண்டைப் படத்துக்கு இதைவிடக் கச்சிதமான தலைப்பு எனக்குத் தெரியாது.

ஆனால் ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். அந்தப் படத்தில் கொள்ளைக்காரர்களாக வரும் 'பஸ்மாச்சி'களைச் சோவியத் ஆட்சியின் கண்ணால்தான் காட்டியிருக்கிறார்கள். பஸ்மாச்சி என்பதே எதிராளிகள் வைத்த பெயர், தாக்கிக் கொள்ளையடிக்கிறவன் என்ற பொருளில். சுதந்திர உஸ்பெகிஸ்தானில் அவர்களைச் சோவியத்தை எதிர்த்து நின்ற விடுதலைப் போராளிகளாகப் பார்க்கும் பார்வை வந்துவிட்டது. படத்தைப் பார்க்கும்போது இது மனசில் இருக்கட்டும். இருந்தாலும் கைருல்லாவை வெறும் வில்லனாக அவர் விட்டுவிடவில்லை. அவன் பேச்சில் அறிவும் கவர்ச்சியும் இருக்கின்றன. இல்லாவிட்டால் மக்சூமோவின் ஆட்கள் ஏன் அவன் பின்னால் போனார்கள் என்று நாம் நம்ப முடியாது.

இந்தப் படங்கள் சோவியத் முழுக்கக் கூட்டம் கூட்டின. அந்தப் பெயரை வைத்துக்கொண்டு அவர் 1975இல் செய்தது யாரும் எதிர்பார்க்காதது: 'பறவைகளைப் பின்தொடரும் மனிதன்'. எழுதியவர் திமூர் சுல்பிகாரோவ் என்ற கவிஞர். ஒளிப்பதிவு யூரி கிளிமென்கோ, இவர் பிற்பாடு இயக்குநர் பராஜனோவின் 'சுரம் கோட்டை' படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர். இசை ரூமில் வில்தானோவ். கதை நடப்பது இடைக்கால மத்திய ஆசியாவில். ஃபரூக் என்ற விடலைப் பையன் தன் தாயை அறியாதவன். அவள் எப்படி இருந்தாள் என்று கேட்டு அலைகிறான். வழியில் நட்பு வருகிறது, காதல் வருகிறது, கொடுமையும் சாவும் வருகின்றன. கதை என்று கோத்துச் சொல்ல அதிகம் கிடையாது. பூத்து நிற்கும் மரங்கள், அவற்றின் மேல் பனி, மலையடிவாரத்து வெளிச்சம், குழந்தை முகம் மாறாத ஒரு பையன், இவைதான் படம். ஃபரூக்காக நடித்த ஜானிக் ஃபைசியெவ் வளர்ந்து ரஷ்யாவில் பெரிய செலவில் படம் எடுக்கும் இயக்குநரானார்.

நம் நாட்டுக்கும் இந்தப் படத்துக்கும் ஒரு தொடுப்பு உண்டு. 1977 தில்லி சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளி மயிலை ஹம்ராயேவ் வாங்கியது இதற்குத்தான். அந்தக் காலத்தில் தாஷ்கண்டுக்கும் இந்தியாவுக்கும் இடையே சினிமாப் போக்குவரத்து நிறைய. 1968இலிருந்து ஆசிய ஆப்பிரிக்கப் படங்களுக்கென்றே தாஷ்கண்டில் விழா நடந்தது. இன்னொரு உஸ்பெக் இயக்குநரான லத்தீஃப் ஃபைசியெவ், உமேஷ் மெஹ்ராவோடு சேர்ந்து 'அலிபாபா அவுர் சாலீஸ் சோர்' எடுத்தது 1980இல். அந்தப் படத்தைப் பார்த்த கோடிக்கணக்கானவர்களில் எத்தனை பேருக்கு ஃபரூக்கைத் தெரியும் என்று நினைத்தால் வருத்தமாகத்தான் இருக்கிறது.

1978இல் 'முப்படலம்'. ஒரு சின்ன உஸ்பெக் ஊர், வருஷம் 1946. போர் முடிந்துவிட்டது, ஆண்கள் பலர் திரும்பவில்லை. மூன்று பெண்களின் கதைகள் ஒன்றோடொன்று உரசிக்கொண்டு போகின்றன. அவர்களில் ஒருத்தி எழுதப் படிக்கத் தெரியாத இளம்பெண். கணவன் ஊரில் இல்லாத நேரத்தில் யாருடைய அனுமதியும் கேட்காமல் தனக்கென்று ஒரு வீடு கட்டத் தொடங்குகிறாள். பெரிய வசனம் எதுவும் இல்லாமல், சுவர் எழ எழ ஊரின் பார்வை மாறுவதை அவர் காட்டும் விதம் இருக்கிறதே, அதற்காகவே பார்க்கலாம். சான் ரெமோ விழாவில் முதல் பரிசு பெற்றது.

மலிகா, 'அச்சமின்றி'யில் வரும் பெண்கள், இந்த வீடு கட்டுகிறவள், எல்லோரையும் வரிசையாக வைத்துப் பார்த்தால் எனக்கு ஒன்று தோன்றும். ஹம்ராயேவின் ஆண்கள் எப்போதும் எதையாவது தேடி வெளியே கிளம்பிப் போகிறார்கள். பெண்கள் பிறந்த ஊரிலேயே, கல்யாணமாகிப் போன வீட்டிலேயே நின்று போராடுகிறார்கள். போக இடமில்லாதவர்களின் துணிச்சலை அவர் இன்னும் கூர்மையாகப் பார்த்தார் என்பேன். சண்டைப் பட இயக்குநர் என்று அவரை ஒதுக்கி வைத்தால் இது முழுசாக விட்டுப்போகும்.

1979இல் தஜிக் ஸ்டூடியோவுக்காக 'மெய்க்காப்பாளன்' எடுத்தார். தர்க்கோவ்ஸ்கி ரசிகராக இருந்தால் துள்ளிக் குதிப்பீர்கள். அலெக்சாந்தர் கைதனோவ்ஸ்கி, அனதோலி சொலனீத்சின், நிக்கொலாய் கிரின்கோ மூவரும் இதில் இருக்கிறார்கள், இசை எதுவார்த் அர்தேமியெவ். அதாவது தர்க்கோவ்ஸ்கியின் 'ஸ்டாக்கர்' பட அணி கிட்டத்தட்ட அப்படியே! தர்க்கோவ்ஸ்கியும் ஹம்ராயேவும் நண்பர்கள். தர்க்கோவ்ஸ்கி தாஷ்கண்ட் ஸ்டூடியோவுக்காகத் திரைக்கதையும் எழுதிக் கொடுத்திருக்கிறார். 'ஸ்டாக்கர்' படத்தையே முதலில் தஜிகிஸ்தானின் இஸ்ஃபராவில்தான் எடுப்பதாக இருந்தார். 1977 ஜனவரியில் அங்கே நிலநடுக்கம் வந்ததால் எஸ்தோனியாவுக்குப் போக வேண்டியதாயிற்று. ஆக, அந்த நடிகர்கள் தஜிக் மலைகளில் நடந்தது கடைசியில் ஹம்ராயேவின் படத்துக்காக. பிடிபட்ட ஒரு தலைவனை ஒரு வேட்டைக்காரன் மலை மலையாக நடத்திக் கூட்டிப் போகிறான், பின்னால் துரத்தி வருகிறார்கள். உங்களுக்கு 'ஏழாவது தோட்டா' பிடித்தது என்றால் இது கட்டாயம் பிடிக்கும். அதைவிட மெதுவான, இறுக்கமான படம்.

1983இல் வந்த 'காபூலில் வெயில் காலம்', ஆப்கன் போர் நடந்துகொண்டிருக்கும்போதே சோவியத் மருத்துவர் ஒருவரை வைத்து எடுத்தது. அதைத் தாண்டிப் போய்விடுங்கள். அரசு சொல்ல விரும்பியதுதான் அதில் இருக்கிறது.

இரண்டு வருஷம் கழித்து 'உன்னை நினைவிருக்கிறது'. கிம் என்பவன், நோயில் விழுந்த தாய்க்காக, போரில் செத்துப்போன தன் தந்தையின் கல்லறையைத் தேடிச் சமர்கந்திலிருந்து ரஷ்யாவுக்கு ரயில் ஏறுகிறான். ரயில் ஓட ஓட நினைவும் கனவும் கலந்து வருகின்றன. ஹம்ராயேவின் அப்பா கதையை மேலே சொன்னேன் இல்லையா, அது தெரிந்த பிறகு இந்தப் படத்தைச் சும்மா பார்க்க முடியாது. ஏறத்தாழ ஐம்பது வயதில், இருபத்தைந்து வருஷம் மற்றவர்களின் தேடலை எடுத்த பிறகு, தன் தேடலுக்கு வந்து சேர்ந்திருக்கிறார். 1987இன் 'ஆசைகளின் தோட்டம்' மூன்று சகோதரிகளின் 1941 கோடைக் காலம், போர் வெடிக்கப் போவது நமக்குத் தெரியும், அவர்களுக்குத் தெரியாது. அழகான படம், ஆனால் அழகு சில இடங்களில் கொஞ்சம் அதிகமாகிவிட்டது.

சோவியத் உடைந்ததும் மத்திய ஆசிய ஸ்டூடியோக்களுக்கு மாஸ்கோவிலிருந்து வந்த பணம் நின்றது. ஹம்ராயேவ் இத்தாலிக்குப் போய் வாழ்ந்தார். 1998இல் பிரெஞ்சு நடிகை அரியேல் தொம்பாலை வைத்து 'போ பா பு' எடுத்தார். பாலைவனத்தில் இரண்டு மேய்ப்பர்கள், அவர்களிடம் வந்து சேரும் ஒரு அந்நியப் பெண், ஏறக்குறைய வசனமே இல்லாத படம். பார்க்கக் கடினமானது, கொடூரமும் உண்டு. மலிகாவை எடுத்தவர் இதை எடுத்தாரா என்று எனக்கு முதல் தடவை கோபமே வந்தது. இரண்டாவது தடவை பார்த்தபோது கோபம் குறைந்தது, முழுசாகப் போகவில்லை.

அப்புறம், எந்த வரிசையில் பார்ப்பது? 'ஏழாவது தோட்டா' முடிந்துவிட்டதால் அடுத்து 'மெய்க்காப்பாளன்', கண் பழகியிருக்கும். பிறகு 'வெள்ளை வெள்ளை நாரைகள்', 'அச்சமின்றி' இரண்டையும் அடுத்தடுத்த நாளில் பாருங்கள். 'பறவைகளைப் பின்தொடரும் மனிதன்' மட்டும் நல்ல பிரதி கிடைக்கும்வரை காத்திருங்கள். நான் முதலில் பார்த்தது நிறம் வெளிறிப்போன பிரதி, பூ எது பனி எது என்றே தெரியவில்லை. நல்ல பிரதியில் பார்த்தபோதுதான் அது வேறு படம் என்று புரிந்தது. அதற்குப் பின்னால் 'முப்படலம்', கடைசியாக 'உன்னை நினைவிருக்கிறது'.

பார்க்கும்போது உதட்டசைவும் குரலும் ஒட்டவில்லை என்றால் பிரதியில் கோளாறு என்று நினைக்காதீர்கள். உஸ்பெக் படங்களை நாடு முழுக்க அனுப்ப ரஷ்யனில் டப்பிங் செய்தார்கள், இன்று பெரும்பாலும் சுற்றுவது அந்தப் பிரதிகள்தான். உஸ்பெக் ஒலித்தடம் உள்ள பிரதி எங்காவது கண்ணில் பட்டால் அதையே எடுங்கள்.